இல்லாத ஊருக்கு வழி

தேடினால் ஏதோ ஒன்று வந்து விழுகிறது. விழுந்தது எல்லாம் உண்மையா? புரியாத பெயர்களுக்கும் புதிர்ச் சொற்றொடர்களுக்கும் பின்னால் நடப்பது என்ன? ஒரு சிறப்புப் பார்வை.

2017 ஆகஸ்ட் கடைசி. பள்ளி விட்டதும் வாசலில் காத்திருந்த அம்மாக்கள், பிள்ளையின் புத்தகப் பையை வாங்குவதற்கு முன் கையைத் திருப்பிப் பார்த்தார்கள். ஏதாவது கிறுக்கியிருக்கிறதா, கீறியிருக்கிறதா? வீட்டுக்குப் போனதும் போன் பறிமுதல். அப்பாக்கள் ஒவ்வொரு செயலியாகத் திறந்து தேடினார்கள். டீக்கடை, வாட்ஸ்அப், தொலைக்காட்சி விவாதம் என்று எங்கே திரும்பினாலும் ஒரே பெயர்: ப்ளூ வேல். 50 நாள், 50 கட்டளை, கடைசிக் கட்டளை மரணம் என்று சொல்லப்பட்ட இணைய விளையாட்டு.

ஆகஸ்ட் 30 அன்று மதுரை திருமங்கலம் பக்கத்தில் 19 வயதுக் கல்லூரி மாணவர் ஒருவர் உயிரை மாய்த்துக்கொண்டிருந்தார். ப்ளூ வேல்தான் காரணம் என்று செய்தி பரவியது. சில நாட்களில் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை தானாக முன்வந்து வழக்கைக் கையிலெடுத்தது. அதற்கு முன்பே, ஆகஸ்ட் 11 தேதியிட்ட கடிதத்தில் மத்திய மின்னணு மற்றும் தகவல் தொழில்நுட்ப அமைச்சகம் கூகுள், ஃபேஸ்புக், வாட்ஸ்அப், இன்ஸ்டாகிராம், மைக்ரோசாஃப்ட், யாஹூ ஆகிய நிறுவனங்களிடம் அந்த விளையாட்டின் இணைப்புகளை நீக்கச் சொல்லியிருந்தது. அக்டோபரில் உச்ச நீதிமன்றம், இதைப் பற்றி 10 நிமிட விழிப்புணர்வு நிகழ்ச்சி தயாரிக்கும்படி தூர்தர்ஷனுக்கு உத்தரவிட்டது.

இத்தனை நடந்தபோதும் ஒரு சிக்கல் அப்படியே நின்றது. நீக்குவதற்கு இணைப்பு எது? தடை செய்வதற்குச் செயலி எது? தேடியவர்கள் கையில் எதுவும் அகப்படவில்லை. தரவிறக்கக் கூடிய அப்படியொரு விளையாட்டே இல்லை.

2018 ஜனவரியில் நாடாளுமன்றத்துக்கு உள்துறை அமைச்சகம் பதில் அளித்தது. ப்ளூ வேலால் நேர்ந்ததாகச் சொல்லப்பட்ட மரணங்களை ஒரு நிபுணர் குழு ஆராய்ந்தது. கருவிகள், அழைப்பு விவரங்கள், சமூக ஊடகக் கணக்குகள், தடயங்கள் எல்லாவற்றையும் பார்த்தது. எந்த ஒரு மரணத்திலும் அந்த விளையாட்டின் பங்கை நிறுவ முடியவில்லை. அதுதான் பதில். மாதக்கணக்கில் தலைப்புச் செய்தியாக ஓடிய பெயருக்கு முடிவுரையாக வந்த அந்தப் பதில் எத்தனை பேர் காதில் விழுந்தது?

பெயர் பெரிது, பொருள் சிறிது

‘அப்படியானால் எல்லாம் கட்டுக்கதையா’ என்று கேட்டால், அவ்வளவு நேராகவும் சொல்லிவிட முடியாது. ரஷ்யாவில் 2015-16இல் ‘விகே’ சமூக வலைதளத்தில் மரணத்தைப் பற்றிப் பேசும் குழுக்கள் இருந்தன. திமிங்கலப் படங்கள் அங்கே அடையாளமாக உலவின. 2016 மே மாதம் ‘நோவாயா கஸெட்டா’ பத்திரிகை, பதின்பருவத்தினர் பலரின் தற்கொலைகளை இந்தக் குழுக்களோடு இணைத்து நீண்ட கட்டுரை வெளியிட்டது. மற்றப் பத்திரிகையாளர்கள் உடனே மறுத்துக் கேட்டார்கள்: குழு அவர்களைச் சாவுக்குத் தள்ளியதா, ஏற்கெனவே மனம் நொந்திருந்தவர்கள் அந்தக் குழுவைத் தேடிப் போனார்களா? குழு நடத்திய இளைஞர் ஒருவருக்கு 2017இல் மூன்றாண்டு நான்கு மாதச் சிறைத்தண்டனை கிடைத்தது. ஆக, எங்கோ ஓர் இடத்தில் சிறிதாக ஏதோ இருந்தது. எல்லை தாண்டி, மொழி தாண்டி வந்தபோது அந்தச் சிறு பொருளின் மேல் ஒரு பெரிய பெயர் ஏறிக்கொண்டது.

பீதி பரவிய அந்த ஓராண்டில் ‘ப்ளூ வேல்’ என்று அதிகம் தேடிய ஊர்களின் பட்டியலில் இந்திய நகரங்கள் முன்வரிசையில் நின்றன. பயந்த பெற்றோரும் ஆவல் கொண்ட பிள்ளைகளும் செய்தி தேடிய நிருபர்களும் ஒரே பெட்டியில் ஒரே சொல்லைத் தட்டினார்கள். தேடல் கூடக் கூட அதைப் பற்றிய பக்கங்கள் கூடின. பக்கங்கள் கூடக் கூட ‘இத்தனை பேர் எழுதியிருக்கிறார்களே’ என்ற நம்பிக்கை கூடியது. கையில் திமிங்கலத்தைத் தாமே வரைந்துகொண்டு பார்த்த பிள்ளைகளும் உண்டு. செய்தியைப் படித்துத்தான் அவர்களுக்கு அது தெரிந்தது.

எனக்கு இதில் ஆறாத வருத்தம் ஒன்று உண்டு. 2017இல் இந்தியாவில் 9,905 மாணவர்கள் தற்கொலை செய்துகொண்டதாகத் தேசியக் குற்ற ஆவணக் காப்பகம் பதிவு செய்தது. தேர்வு, மதிப்பெண், வீட்டுச் சூழல், காதல், வறுமை, அவமானம் என்று அவர்கள் துயரத்துக்குப் பழைய பெயர்கள்தான் இருந்தன. திருமங்கலம் மரணம் நடந்த அதே வாரத்தில்தான், செப்டம்பர் 1 அன்று, நீட் தேர்வால் மருத்துவக் கனவு கலைந்த அரியலூர் மாணவி அனிதாவையும் இழந்தோம். ‘உனக்கு என்னம்மா கஷ்டம்’ என்று உட்கார்ந்து கேட்க வேண்டிய நேரத்தில், ஒரு தேசமே பிள்ளைகளின் போனில் திமிங்கலத்தைத் தேடிக்கொண்டிருந்தது.

> பெட்டிச் செய்தி: மோமோ
> பிதுங்கிய கண், காது வரை நீண்ட வாய், கோழிக்கால். 2018 ஜூலையில் லத்தீன் அமெரிக்காவில் கிளம்பி, 2019 பிப்ரவரியில் பிரிட்டன் பள்ளிகளை நடுங்கவைத்த ‘மோமோ சவால்’ படம் இது. உண்மையில் அது ஜப்பானியச் சிற்பி கெய்சுகே ஐசோ செய்த சிலை. பிரசவத்தில் இறந்த பெண்ணின் ஆவியைப் பற்றிய ஜப்பானியக் கதையை வைத்துச் செய்தது. 2016இல் டோக்கியோ கலைக்கூடம் ஒன்றில் காட்சிக்கு இருந்தது. பீதி பரவியபோது சிலையே இல்லை. ரப்பர் மக்கிப்போனதால் 2018லேயே தூக்கிப் போட்டுவிட்டதாகச் சிற்பி சொன்னார். பிரிட்டனின் தற்கொலைத் தடுப்பு, குழந்தைகள் நல அமைப்புகள் விசாரித்துவிட்டு, ‘சவாலால் யாருக்கும் தீங்கு நேர்ந்ததாக ஆதாரம் இல்லை’ என்றன.
> மனம் கலங்கும் நேரத்தில் பேச: தமிழக அரசின் 104, தேசிய டெலி-மானஸ் 14416.

வெற்றிடத்தில் முளைப்பவை

கூகுளில் ஒரு நாளில் தட்டப்படும் தேடல்களில் ஏறத்தாழ 15 சதவீதம், அதற்கு முன் யாருமே தேடாதவை. இது அந்த நிறுவனமே பல ஆண்டுகளாகச் சொல்லிவரும் கணக்கு. அப்படி ஒரு புதுத் தொடர் வந்து விழும்போது அதற்கென்று நல்ல பக்கம் எதுவும் இருக்காது. அந்த நேரத்தில் யார் முதலில் எழுதுகிறாரோ அவர் எழுதியதுதான் முதல் விடை. மைக்ரோசாஃப்டில் பணியாற்றிய மைக்கேல் கோலெபியெவ்ஸ்கியும் ஆய்வாளர் டானா பாய்டும் 2018இல் வெளியிட்ட அறிக்கையில் இதைத் தகவல் வெற்றிடம் என்று குறித்தார்கள். வதந்தி பரப்புவோர் முதலில் ஒரு புதுத் தொடரை உருவாக்குகிறார்கள், அதற்கான பக்கங்களை நிரப்பிவைக்கிறார்கள், பிறகு ‘நம்பவில்லையா? நீங்களே தேடிப் பாருங்கள்’ என்கிறார்கள். தேடுபவர் நேராகப் போய் அவர்கள் விரித்த பாயில் உட்காருகிறார்.

அர்த்தமில்லாத எழுத்துக்கோவைக்குக்கூட ஒரு விடையை நட்டுவைத்துவிட முடியும் என்பதற்குக் கூகுளே ஒரு சோதனை நடத்திக் காட்டியது. 2010 டிசம்பரில் தன் பொறியாளர்கள் 20 பேரிடம் மடிக்கணினி கொடுத்து, வீட்டிலிருந்து சில சொற்களைத் தேடச் சொன்னது. உயிரெழுத்தே இல்லாத பத்து எழுத்து, வாயில் நுழையாத பத்து எழுத்து என்று சுமார் நூறு பொய்த் தொடர்கள். ஒவ்வொன்றுக்கும் சம்பந்தமே இல்லாத ஒரு பக்கத்தைக் கூகுள் தன் முடிவுகளில் முதலிடத்தில் வைத்திருந்தது. இரண்டு மூன்று வாரத்தில், மைக்ரோசாஃப்டின் பிங்கில் அதே பொய்த் தொடர்களில் சிலவற்றைத் தட்டினால் அதே பக்கங்கள் வந்தன. ஒரு தொடருக்கு லாஸ் ஏஞ்சலஸ் அரங்கம் ஒன்றின் இருக்கை வரைபடம் பதிலாக வந்தது. ‘எங்களைப் பார்த்து எழுதுகிறார்கள்’ என்றது கூகுள். ‘மக்கள் எதைக் கிளிக் செய்கிறார்கள் என்பது நாங்கள் பார்க்கும் பல குறிப்புகளில் ஒன்று’ என்றது மைக்ரோசாஃப்ட். அவர்கள் சண்டை இருக்கட்டும். நமக்கு வேண்டிய செய்தி வேறு. இரண்டு தேடுபொறிகள் ஒரே விடையைச் சொல்வதால் மட்டும் அது இரண்டு சாட்சியாகிவிடாது.

தமிழில் இந்த வெற்றிடம் இன்னும் அகலமானது. ஆங்கிலத்தில் ஒரு மருந்துப் பெயரையோ நோய்ப் பெயரையோ தேடினால் பல்கலைக்கழகம், மருத்துவமனை, அரசுத் துறை என்று சில பக்கங்களாவது முன்னால் வரும். தமிழில் அதே பெயரைத் தேடுபவருக்குப் பெரும்பாலும் கிடைப்பவை ஒன்றையொன்று நகலெடுத்த பக்கங்கள், பார்வைக் கணக்குக்காகக் கூவும் காணொளிகள். அம்மாவுக்கு வந்த நோய்க்கு வைத்தியம் தேடுபவர் பாவம், எந்தக் கதவைத் தட்டுவார்?

மக்கிப்போகாத பிழை

இந்தக் கட்டுரைக்காகப் படித்தவற்றில் என்னை அதிகம் உலுக்கியது ஓர் அறிவியல் சொற்றொடர்: ‘வெஜிடேட்டிவ் எலெக்ட்ரான் மைக்ராஸ்கோபி’. கேட்க மிடுக்காக இருக்கிறது. எலெக்ட்ரான் நுண்ணோக்கி உண்மை. பாக்டீரியா வளரும் நிலையைக் குறிக்கும் ‘வெஜிடேட்டிவ்’ என்ற சொல்லும் உண்மை. இரண்டும் சேர்ந்த நுண்ணோக்கி மட்டும் உலகில் எங்குமே இல்லை.

பிறகு எப்படி வந்தது? 1950களில் பாக்டீரியாவைப் பற்றி ஓர் ஆய்விதழில் வந்த கட்டுரைகள் இரண்டு பத்திகளாக அச்சாகியிருந்தன. பிற்காலத்தில் அவற்றை மின்வடிவாக்கியபோது, இடப்பத்தி வரியின் கடைசியில் இருந்த ‘வெஜிடேட்டிவ்’ வலப்பத்தியில் இருந்த ‘எலெக்ட்ரான் மைக்ராஸ்கோபி’யோடு ஒட்டிக்கொண்டது. பல பத்தாண்டு கழித்து, 2017லும் 2019லும், ஈரானிய ஆய்வாளர்களின் கட்டுரைகளில் அதே தொடர் தலைகாட்டியது. பாரசீக எழுத்தில் ‘ஸ்கேனிங்’ என்பதற்கான சொல்லுக்கும் ‘வெஜிடேட்டிவ்’ என்பதற்கான சொல்லுக்கும் ஒரு புள்ளிதான் வித்தியாசம். மொழிபெயர்ப்பில் அந்தப் புள்ளி தவறியிருக்க வேண்டும் என்பது ஆய்வாளர்களின் ஊகம்.

அதோடு முடிந்திருந்தால் அது வெறும் அச்சுப்பிழை. ஆனால் இணையத்திலிருந்து பெருந்திரளாக வாரிய எழுத்துகளைக் கொண்டு செயற்கை நுண்ணறிவு மாதிரிகள் பயிற்றப்பட்டன. ஆஸ்திரேலியாவின் குயின்ஸ்லாந்து தொழில்நுட்பப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2025இல் சோதித்தார்கள். பழைய 1959 கட்டுரையின் வரிகளைக் கொடுத்து ‘மேலே எழுது’ என்றபோது, ஜிபிடி-2 அந்தப் பொய்த் தொடரை எழுதவில்லை, ஜிபிடி-3 எழுதியது. பின்னால் வந்த மாதிரிகளிலும் அது தங்கிவிட்டது. அவர்கள் பார்த்தபோது 22 ஆய்வுக் கட்டுரைகளில் அந்தத் தொடர் இருந்தது. சில திரும்பப் பெறப்பட்டன, சிலவற்றுக்குத் திருத்தம் வந்தது. ஒரு பெரிய பதிப்பகம், அந்தத் தொடர் சரியானதுதான் என்று முதலில் வாதாடியும் பார்த்தது.

பயிற்சித் தரவு டெராபைட், பெட்டாபைட் கணக்கில் இருக்கிறது. அதில் எந்த மூலையில் இந்த மூன்று சொல் ஒட்டியிருக்கிறது என்று தேடிச் சுரண்டி எடுக்க வெளியாட்களுக்கு வழியே இல்லை. இது ஒரு பிழை. தற்செயலாக ஒருவர் கண்ணில் பட்டது. கண்ணில் படாதவை எத்தனையோ?

‘ஆம், உண்மைதான்’ என்ற பதில்

2025 ஏப்ரலில் ஒருவர் விளையாட்டாக ‘ஒரு பேட்ஜரை இரண்டு முறை நக்க முடியாது’ என்று தானே ஒரு தொடரைக் கட்டி, கூகுளில் அதற்குப் பொருள் கேட்டார். தேடல் முடிவுக்கு மேலே வரும் செயற்கை நுண்ணறிவுச் சுருக்கம் தயங்கவே இல்லை. ‘ஒருமுறை ஏமாந்தவரை மறுமுறை ஏமாற்ற முடியாது என்பது இதன் பொருள்’ என்று விளக்கம் தந்தது. உலகெங்கும் மக்கள் கூடி விதவிதமாகக் கட்டிக் கேட்டார்கள்; பலவற்றுக்குப் பொருள் வந்தது, சிலவற்றுக்கு வரலாறும் சேர்ந்து வந்தது. அர்த்தமற்ற கேள்விகளுக்கும், தகவல் வெற்றிடம் உள்ள இடங்களிலும் இப்படி நேர்கிறது என்று கூகுள் விளக்கியது.

பழைய தேடுபொறி குறைந்தபட்சம் வெறுங்கையை விரித்துக் காட்டும். ‘உங்கள் தேடலுக்குப் பொருந்துவது எதுவும் இல்லை’ என்ற வரி எவ்வளவு பெரிய தகவல் என்பது அது அரிதான பிறகுதான் தெரிகிறது. கேட்டவர் தப்பாகக் கேட்டிருக்கலாம் என்று சந்தேகப்படத் தெரியாத கருவி, கேட்ட கேள்வியையே சான்றாக்கிவிடுகிறது.

அதன் விலையை நீதிமன்றங்கள் கொடுக்கத் தொடங்கிவிட்டன. நியூயார்க்கில் விமான நிறுவனம் ஒன்றுக்கு எதிரான ‘மாட்டா எதிர் அவியாங்கா’ வழக்கில், வழக்கறிஞர் தாக்கல் செய்த மனுவில் மேற்கோள் காட்டிய பல தீர்ப்புகள் இல்லாதவை. சாட்ஜிபிடி புனைந்து கொடுத்தவை. அவர் சந்தேகப்படாமலும் இல்லை. ‘இந்த வழக்கு உண்மையா’ என்று சாட்ஜிபிடியிடமே கேட்டார். ‘உண்மைதான், சட்டத் தரவுத்தளங்களில் இருக்கிறது’ என்றது அது. 2023 ஜூனில் 5,000 டாலர் அபராதம். நம் பக்கத்திலும் நடந்தது. 2024 டிசம்பரில் பெங்களூரு வருமான வரி மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் தந்த ஒரு தீர்ப்பில், உச்ச நீதிமன்றம், சென்னை உயர் நீதிமன்றம் ஆகியவற்றின் பெயரில் இல்லாத தீர்ப்புகள் மேற்கோளாக இருந்தன. தீர்ப்பாயம் அந்தத் தீர்ப்பையே திரும்பப் பெற்றது. வரி கட்டுபவரின் தலையெழுத்தைத் தீர்மானிக்கும் தாளில், பிறக்காத வழக்குகள் சாட்சி சொல்லியிருக்கின்றன.

மென்பொருள் துறையில் இதைவிட விபரீதம். நிரல் எழுதித் தரச் சொன்னால் செயற்கை நுண்ணறிவு சில நேரம் இல்லாத மென்பொருள் தொகுப்பின் பெயரைச் சொல்கிறது. அமெரிக்கப் பல்கலைக்கழகங்களின் ஆய்வுக்குழு ஒன்று 16 மாதிரிகளிடம் 5,76,000 நிரல்களை எழுதவைத்தது. அவை பரிந்துரைத்த தொகுப்புகளில் 19.7 சதவீதம் இல்லாதவை. பொய்ப் பெயர்கள் மட்டும் இரண்டு லட்சத்துக்கு மேல். பொய்ப் பெயர்தானே, இன்ஸ்டால் ஆகாது, அவ்வளவுதான் என்று விட முடியாது. கெட்ட எண்ணம் கொண்டவர் அதே பெயரில் ஒரு தொகுப்பை ஏற்றிவைத்துவிட்டுக் காத்திருக்கலாம். பாதுகாப்பு ஆய்வாளர் பார் லன்யாடோ அப்படி ஒரு பெயரில், தீங்கில்லாத வெற்றுத் தொகுப்பு ஒன்றை ஏற்றிப் பார்த்தார். மூன்று மாதத்தில் 30,000 தடவைக்கு மேல் தரவிறங்கியது.

கணினி தெரியாதவர்களும் இதே வலையில்தான் விழுகிறார்கள். கேஸ் புக்கிங், வங்கி, கூரியர் என்று ஏதோ ஒன்றின் வாடிக்கையாளர் சேவை எண்ணைத் தேடுகிறார்கள். மோசடிக்காரர் நட்டுவைத்த எண் மேலே வருகிறது. எடுப்பவர் மரியாதையாகப் பேசுகிறார், ஒரு செயலியை இறக்கச் சொல்கிறார், ஓய்வூதியப் பணம் போய்விடுகிறது. போன பணத்தைத் தடுத்து நிறுத்த 1930 என்ற எண்ணில் உடனே புகார் செய்யலாம். உண்மையான சேவை எண் பாஸ்புக்கிலும் ஏடிஎம் அட்டையின் பின்புறமும் ரசீதிலும் அச்சாகியிருக்கும்.

> பெட்டிச் செய்தி: வரைபடத்தில் பிறந்த ஊர்
> 1930களில் ஓர் அமெரிக்க வரைபட நிறுவனம், தன் வரைபடத்தைக் காப்பியடிப்பவர்களைப் பிடிக்க நியூயார்க் மாநில மண்சாலைச் சந்திப்பு ஒன்றில் ‘ஆக்லோ’ என்று இல்லாத ஊரைப் போட்டுவைத்தது. இரண்டு வரைபடக்காரர்களின் பெயர் முதலெழுத்துகளைக் கலைத்துக் கட்டிய பெயர். பின்னர் போட்டி நிறுவனத்தின் வரைபடத்திலும் ஆக்லோ இருந்தது. ‘மாட்டிக்கொண்டீர்கள்’ என்றபோது, ‘இல்லையே, அங்கே ஆக்லோ ஜெனரல் ஸ்டோர் இருக்கிறதே’ என்றார்கள். வரைபடத்தைப் பார்த்து ஒருவர் அந்தப் பெயரில் கடையே வைத்திருந்தார். கடை மூடிப் பல காலம் ஆன பிறகும் கூகுள் மேப்ஸில் 2014 வரை அந்த ஊர் இருந்தது.

எப்படிச் சரிபார்ப்பது?

‘சந்தேகமா, தேடிப் பார்’ என்று நாம் எல்லோரும் சொல்கிறோம். அது மட்டும் போதாது என்கிறது 2023 டிசம்பரில் ‘நேச்சர்’ இதழில் வந்த ஆய்வு. பொய்ச் செய்தியைப் படித்துவிட்டு இணையத்தில் தேடிப் பார்த்தவர்கள், தேடாதவர்களைவிட 19 சதவீதம் கூடுதலாக அதை உண்மை என்று நம்பினார்கள். செய்தியின் தலைப்பை அப்படியே தட்டித் தேடும்போது அதே பொய்யை எழுதிய மற்றப் பக்கங்கள்தான் வந்து சேர்கின்றன.

நமக்குப் பழக்கமான ஓர் உதாரணம். ‘திருநள்ளாறு கோயிலுக்கு மேலே வரும்போது நாசாவின் செயற்கைக்கோள்கள் மூன்று விநாடி நின்று போகின்றன.’ மின்னஞ்சல் காலத்திலிருந்து சுற்றும் செய்தி. ‘திருநள்ளாறு நாசா’ என்று தேடினால் பக்கம் பக்கமாக வரும், எல்லாம் ஒரே வாசகம். இதைச் சரிபார்க்க ‘திருநள்ளாறு’ என்ற சொல்லை முதலில் விட்டுவிட வேண்டும். எந்தச் செயற்கைக்கோள்? பெயர் இல்லை. எந்த ஆண்டு? தேதி இல்லை. நாசாவின் எந்த அறிக்கை? எண் இல்லை. பிறகு, செயற்கைக்கோள் எப்படிச் சுற்றுகிறது என்று தனியாகத் தேட வேண்டும். தாழ்ந்த சுற்றுப்பாதையில் அது விநாடிக்கு ஏழு கிலோமீட்டருக்கு மேல் ஓடுகிறது. அந்த வேகம்தான் அதைக் கீழே விழாமல் பிடித்துவைக்கிறது. மூன்று விநாடி நின்றால் அது சுற்றுப்பாதையில் இருக்காது. சனி பகவானைக் கும்பிடுபவருக்கு நாசாவின் சான்றிதழ் எதற்கு? அந்தக் கோயில் தேவாரப் பாடல் பெற்ற தலம்.

செய்தியின் வாசகத்தை விட்டுவிட்டு, அது உண்மையானால் வேறு எங்கே பதிவாகியிருக்கும் என்று யோசித்து, அங்கே போய்ப் பார்ப்பதுதான் முறை. தீர்ப்பு என்றால் நீதிமன்ற இணையதளம். மருந்து என்றால் மருந்துக்கடைக்காரரோ மருத்துவரோ. ஊர் என்றால் வருவாய்த் துறையின் கிராமப் பட்டியல். விசித்திரமான தொடர் என்றால் இரட்டை மேற்கோள் குறிக்குள் போட்டுத் தேடி, முடிவுகளைத் தேதிவாரியாகப் பின்னோக்கிப் பார்க்க வேண்டும். எல்லாம் ஒரே வாரத்தில் முளைத்திருந்தால் சந்தேகப்படலாம். முதல் பக்கம் யாருடையது என்று தெரிந்துவிட்டால் பாதி வேலை முடிந்தது. படம் என்றால் படத்தையே கொடுத்துத் தேடலாம். மோமோ அப்படித்தான் டோக்கியோவில் போய் நின்றாள்.

சரிபார்த்தபின் கிடைப்பது பல நேரம் ‘ஆம்’, ‘இல்லை’ என்ற இரண்டில் ஒன்றாக இருக்காது. ‘இப்படி ஒன்று சிறிதாக இருந்தது, இப்போது சொல்லப்படுவது அது அல்ல’ என்று வரும். ப்ளூ வேலுக்கு அதுதான் விடை. அந்த நடுவிடையை எழுதுவதற்குப் பத்திரிகைகளில் இடம் வேண்டும், பொறுமை வேண்டும். 2017இல் தமிழ்ப் பத்திரிகைகளும் தொலைக்காட்சிகளும் அந்தப் பொறுமையைக் காட்டவில்லை. எங்கள் தொழிலின் மேல் உள்ள அக்கறையில்தான் இதைச் சொல்கிறேன்.

தேடுபொறி நிறுவனங்களிடம் கேட்க வேண்டியதும் உண்டு. ‘இந்தத் தொடருக்கு நம்பகமான ஆதாரம் எதுவும் கிடைக்கவில்லை’ என்ற வரி ஆங்கிலத்தில் சில நேரமாவது வருகிறது. அது தமிழிலும் வர வேண்டும். செயற்கை நுண்ணறிவுச் சுருக்கத்துக்கு மேலே, பெரிய எழுத்தில் வர வேண்டும். மருந்து, சட்டம், பணம் தொடர்பான தேடல்களில் ஆதாரம் இல்லாதபோது விளக்கம் தரவே கூடாது. அரசு மருத்துவமனைகளும் பல்கலைக்கழகங்களும் நோய், மருந்து, திட்டம், உதவி எண் பற்றிய அடிப்படைப் பக்கங்களைத் தமிழில் தேடத்தக்க எழுத்துருவில் வெளியிட்டால் அந்த வெற்றிடத்தில் பாதி நிரம்பும். இன்று பல அரசாணைகள் தேட முடியாத படங்களாக, ஸ்கேன் செய்த தாள்களாகக் கிடக்கின்றன. உண்மையான ஆவணத்தைத் தேடுபொறியால் படிக்க முடிவதில்லை, வாட்ஸ்அப் வதந்தியைப் படிக்க முடிகிறது.